நேராகப் போகாத அக்கா

ஒரு சாலை எவ்வளவு அகலமோ அவ்வளவும் அக்காவுக்கு வேண்டும். இந்த ஓரத்து இளநீர்க் கடையை உரசுகிற மாதிரி வந்து, அந்த ஓரத்துச் செருப்புக் கடைக்குச் சாய்ந்து, அங்கிருந்து மறுபடி இந்த ஓரத்துக்கே திரும்புவார். நடுவில் பஸ் வந்தால் ஒதுங்கி வழி விடுவார். பஸ் போனதும் விட்ட இடத்திலிருந்து வளைவைத் தொடர்வார். காலடியில் ஒன்றரை முழப் பலகை. அதன் அடியில் நான்கு சக்கரம், ஒரு பேட்டரி. பின்சக்கரங்களுக்குள்ளேயே மோட்டார். வலது கையில் சோப்பு டப்பா அளவில் ரிமோட். துப்பட்டாவை இடுப்பில் இறுக்கிக் கட்டி, மேக்கப் சாமான் பையை முதுகில் மாட்டி, செருப்பில்லாத காலோடு அவர் தேனிக் கடைவீதியில் இறங்கினால் வீதியே கொஞ்சம் சாய்ந்து நின்று பார்க்கும்.

அக்கா கல்யாணப் பெண்களுக்கு அலங்காரம் செய்கிறவர். மாடியில் அவருடைய பியூட்டி பார்லர். கீழே நான் வேலை பார்த்த டூவீலர் மெக்கானிக் கடை. நான் ஒன்பதாவதைப் பாதியில் விட்டுக் கிளம்பியவன். போர்வெல் லாரி, சாயப்பட்டறை, கோட்டயத்துப் பக்கம் ரப்பர் தோட்டம் என்று சுற்றிவிட்டு, பாஷை கொஞ்சமும் காய்ச்சல் நிறையவும் சேர்த்துக்கொண்டு மலை இறங்கி வந்து, தேனி பஸ் ஸ்டாண்டில் படுத்திருந்தேன். கடையில் சேர்ந்த பிறகு கடைக்குள்ளேயே படுத்துக்கொண்டேன். காலையில் நான் ஷட்டரைத் தூக்கும்போது அக்கா மாடிப்படியில் பலகையோடு உட்கார்ந்திருப்பார். ஒரு நட்டு தளர்ந்திருக்கும், அல்லது தளர்த்த வேண்டியிருக்கும்.

பலகை வந்த கதையை அவர் ஒருநாளும் ஒரே மாதிரி சொன்னதில்லை. சாரம் இவ்வளவுதான். பெங்களூரில் வேலை பார்த்த ஒரு பெண், போடியில் கல்யாணம். மேக்கப் போட உட்கார்ந்தவள் கண்ணைத் திறக்கவே இல்லை.

"மாப்பிள்ளை வீட்ல எதைக் கொண்டாந்தாலும் சரி, இந்தப் பலகையை மட்டும் கொண்டாரக் கூடாதுன்னுட்டாகளாம். பொண்ணு அழுகுறா. மையி கரையுது. முகூர்த்தத்துக்கு நேரமாச்சு. சரி ஆத்தா, நான் வச்சுக்கிறேன், நீ கண்ணத் தொடைன்னு வாங்கிக்கிட்டேன். அழகுப்பொண்ணு. மூக்குதான் லேசா இடது பக்கம்."

இப்படித்தான். பேச்சும் அந்த ஓரத்துக்குப் போய்விட்டுத்தான் வரும். மாடிச் சாவி எங்கே என்று கேட்டால் சின்னமனூரில் நடந்த ஒரு காதுகுத்தில் தொடங்குவார். காதுகுத்தில் கறி வேகவில்லை, வேகாத கறியைத் தின்ற தாய்மாமனுக்கு வயிற்றுவலி, அவரை ஆஸ்பத்திரிக்கு ஏற்றிய ஆட்டோக்காரர் இன்று காலையில் வந்தார், அவருக்குச் சில்லறை கொடுக்கும்போது சாவியை டிபன் பாக்ஸ் மேல் வைத்தேன் என்று முடிப்பார். சாவி டிபன் பாக்ஸ் மேல்தான் இருக்கும்.

"ஏங்கா, நேராப் போனா சீக்கிரம் போயிரலாம்ல?" என்று ஒருநாள் கேட்டேன்.

"சீக்கிரம் போயி? ஊரே இத்துனூண்டு. நேராப் போனா முடிஞ்சு போகும்லே."

வீட்டுக்காரரைப் பற்றியும் அவர் சொன்னது அவ்வளவுதான். "அவுக நேராப் போறவுக. நேரா திருப்பூருக்குப் போனாக. திரும்பல." சொல்லிவிட்டு முன்சக்கரத்தைச் சுற்றிவிட்டு, அது நிற்கும்வரை பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கிளம்பிவிட்டார்.

அந்தப் பலகை கடையில் வாங்கியபடி இருந்தது கொஞ்ச நாள்தான். சக்கர அச்சுக்கு நடுவில் ஒரு ரப்பர் புஷ் உண்டு. நாம் சாயும்போது அது நசுங்கிக் கொடுத்தால்தான் பலகை வளையும். அதிலிருந்த ரப்பர் கல்லு மாதிரி இருந்தது. "கம்பெனிக்காரன் நேராப் போறவனுக்குச் செஞ்சிருக்கான்," என்றார் அக்கா. மிக்சியின் கால் ரப்பரைப் போட்டுப் பார்த்தோம். அது ரொம்ப மெது. பலகை தும்மியது போல ஆடி, அவரைப் பூக்காரம்மா கூடைக்குள் உட்கார வைத்தது. அன்றைக்கு மூன்று கல்யாணத்துக்கான மல்லிகையை அக்காவே வாங்கிக்கொண்டார். கடைசியில் ஒரு பழைய பைக்கின் ஹப் ரப்பரை வட்டமாக அறுத்து, நடுவில் துளை போட்டு மாட்டினேன். ஏறி நின்று ஒரு பக்கம் சாய்ந்தவர் முகத்தில் ஒரு சிரிப்பு வந்தது. நிறையப் பெண்களை அலங்கரித்தவர் அவர். அன்றைக்கு அவர் முகம்தான் கல்யாணப் பெண் முகம்.

முன்சக்கரங்கள் நம் சாலைக்குச் சின்னவை. வாழைத்தார் கோடவுனில் பாரம் தள்ளும் டிராலியின் உருளையை வாங்கி, லேத்தில் கொடுத்துக் கடைந்து மாட்டினோம். பலகையின் மேலிருந்த உப்புத்தாள் அவர் பாதத்தையும் மெட்டியையும் தேய்த்தது. அதைச் சுரண்டிவிட்டு, மினி பஸ் தரையில் போடும் புள்ளி வைத்த ரப்பர் விரிப்பை ஒட்டினோம். சக்கரங்களின் பக்கவாட்டில் நெயில் பாலிஷ் அடித்தது முழுக்க அவர் யோசனை. புதுக் கலர் வரும்போதெல்லாம் சக்கரத்தின் கலரும் மாறும். எங்கள் தெருவிலிருக்கும் பெண்கள் அவர் போவதைப் பார்த்துவிட்டு மாடிக்கு வந்து, "அக்கா, பின்னாடி வலது சக்கரத்துல இருந்த கலரு வேணும்" என்று கேட்பார்கள்.

ஒருதடவை சிக்னலில் போக்குவரத்துக் காவலர் ஒருவர் மறித்தார். எனக்குக் காக்கியைக் கண்டாலே கால் ஓடத் தயாராகிவிடும். அக்கா பலகையை விட்டு இறங்காமல் நின்றார்.

"இதுக்கு ஆர்.சி. இருக்காம்மா?"

"பலகைக்கு ஏது சார் ஆர்.சி.?"

"லைசென்சு?"

"உங்க மக கல்யாணத்துக்கு நாந்தான மேக்கப்பு. அப்பக் கேட்டீகளா லைசென்சு? கேட்டிருந்தா ரெண்டையும் சேத்து எடுத்திருப்பேன்ல."

காவலர் அவரைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "அட, நீங்கதானா அது. போட்டோவுல பிள்ளைய எங்களுக்கே அடையாளம் தெரியலம்மா," என்றார். அது புகழ்ச்சியா புகாரா என்று கேட்க நாங்கள் நிற்கவில்லை.

ஆடி மாதம் எங்கள் பக்கம் காற்று ஆளைத் தள்ளும். அந்த மாதத்தில் கல்யாணம் கிடையாது, பார்லரும் காலி. ஒரு ஞாயிற்றுக்கிழமை பஸ்ஸில் பலகையை மடியில் வைத்துக்கொண்டு வைகை அணைக்குப் போனோம். அணைக்குப் போகும் ரோட்டில் காற்றை எதிர்த்தே ஓட்டி, ஓட்டி, பேட்டரி செத்துப்போனது. நான் பலகையைத் தோளில் தூக்கிக்கொள்ளக் கை நீட்டினேன். அக்கா திரும்பி நின்று, இடுப்பிலிருந்த துப்பட்டாவை அவிழ்த்து, இரண்டு முனையையும் இரண்டு கையில் பிடித்து விரித்தார். துப்பட்டா புடைத்தது. பலகை நகர்ந்தது. பிறகு நான் ஓடினேன், ஓடினேன், பிடிக்க முடியவில்லை. பொரித்த மீன் தின்றுகொண்டிருந்த ஒரு குடும்பம் அப்படியே எழுந்து நின்றது. காற்றில் போகும்போதாவது நேராகப் போனாரா என்றால், அதுவும் இல்லை. ஒரு கையைத் தாழ்த்தி, மறு கையை உயர்த்தி, அங்கேயும் வளைவுதான்.

அக்காவின் பிறந்த ஊர் அனுமந்தன்பட்டி. தம்பி அங்கே திராட்சைத் தோட்டம் பார்த்துக்கொண்டு, பந்தயத்துக்காக இரண்டு சின்ன மாடுகள் வளர்த்தார். ஒன்று செவலை, ஒன்று மயிலை. எங்கள் பக்கத்து மாட்டுவண்டிப் பந்தயத்தில் மாட்டின் அளவுக்கு ஏற்பப் பிரிவு உண்டு. இவை தேன்சிட்டு, அதாவது சின்ன மாடுகள் ஓடும் பிரிவு. செவலை பிறந்தபோதே தாய் செத்துவிட்டது. அக்காதான் அங்கே போய் இருந்து, காலியான ரோஸ் வாட்டர் பாட்டிலில் ரப்பர் மாட்டிப் பால் கொடுத்து வளர்த்தார். அதிலிருந்து, அக்கா மேல் எப்போதும் இருக்கும் அந்த ரோஸ் வாட்டர் வாசனை எங்கே போனாலும் செவலை பின்னால் போகும். செவலை போனால் மயிலையும் போகும். பந்தயத்துக்கு முந்தின நாள் கொம்புக்கு வர்ணம் தீட்ட அக்கா வருவார். ஒரு மணப்பெண்ணுக்கு எவ்வளவு நேரமோ அவ்வளவு நேரம் அவற்றுக்கும் ஆகும்.

ஆனால் மாடுகள் ஓடவில்லை. ஒருநாள் பொழுது சாய்வதற்கு முன் தம்பி மாடிப்படியில் வந்து உட்கார்ந்து அதைத்தான் சொன்னார்.

"ஏக்கா, இதுக சாட்டைக்கும் ஓடல, சத்தத்துக்கும் ஓடல. போன பந்தயத்துல நடுரோட்டுல நின்னு வாழைத்தாரு லாரியப் பாத்துக்கிட்டு நிக்கிதுக. ஊருக்குள்ள என்னையக் கண்டா, என்ன மாப்ள, தாரு என்ன வெலைன்னு கேக்குறாக."

"கேட்டா வெலையச் சொல்லு."

"வெளையாடாதக்கா. தேவாரம் ரோட்டுப் பந்தயந்தான் கடைசி. அதுலயும் செயிச்சுக் கொடி வாங்கலேன்னா அங்கனயே யாவாரி கையில கயித்தக் குடுத்துருவேன். பேசியாச்சு."

"எந்த யாவாரி?"

"வேற எந்த யாவாரி. மலைக்கு ஏத்துறவருதான்."

லாரியில் மலை ஏறிப் போகிற மாடு உழவுக்குப் போவதில்லை, அறுப்புக்குத்தான் போகிறது என்பது எங்கள் பக்கத்தில் எல்லோருக்கும் தெரியும். அக்கா ரிமோட்டின் பட்டனை அழுத்தி அழுத்தி விட்டார். தலைகீழாகக் கிடந்த பலகையின் பின்சக்கரங்கள் சுற்றுவதும் நிற்பதுமாக இருந்தன.

"நாளைக்குக் காலையில வண்டியக் கட்டி ரோட்டுல நிறுத்து," என்றார் கடைசியில். "நான் முன்னால போறேன்."

மறுநாள் முதல் பஸ்ஸில் நானும் அக்காவும் அனுமந்தன்பட்டிக்குப் போய் இறங்கினோம். விடிந்ததும் வாய்க்கால் ரோட்டில் தம்பி பந்தய வண்டியைக் கட்டி நின்றார். நான் துணைக்கு ஏறிக்கொண்டேன். துணை என்றால் மாடு சுணங்கும்போது குதித்துக் கூட ஓடி, வண்டியைத் தள்ளிவிட்டு, மறுபடி ஏறிக்கொள்ள வேண்டும். அக்கா பலகையை முன்னால் போட்டு ஏறினார். காற்று எங்கள் பக்கம் வீசியது. செவலை மூக்கைத் தூக்கியது. அக்கா ரிமோட்டை அழுத்தினார்.

அதற்குப் பிறகு எனக்குக் குதிக்கவும் வாய்ப்பில்லை, தள்ளவும் வாய்ப்பில்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு உயிரோடு இருப்பதே வேலையாக இருந்தது. மாடுகள் அப்படிப் பறந்தன. தம்பி சாட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு சிரிக்க ஆரம்பித்தார். நானும் சிரித்தேன். முன்னால் அக்கா வலது ஓரத்துக்குச் சாய, மாடுகள் வலது ஓரத்துக்கு வந்தன. இடது ஓரத்துக்குச் சாய, இடது ஓரம். வண்டி ஒரு சக்கரத்தில் நின்று மறு சக்கரத்துக்கு மாறியது. பால்காரர் ஒருவர் சைக்கிளோடு வயலில் இறங்கி நின்று, "கல்யாணமா, கருமாதியா?" என்று கேட்டார்.

பந்தயம் வரைக்கும் தினமும் இதேதான். மாடு வளைந்து ஓடுவதை நாங்கள் பார்க்காமல் இல்லை.

"பலக முன்னால போகுதுல்ல, அதான் அப்பிடி ஓடுதுக," என்றார் தம்பி. "பந்தயத்துல பலக இருக்காது. நேரா ஓடும்."

"ஓடும்லே," என்றார் அக்கா. நானும் ஓடும் என்றேன். மூன்று பேரும் அதை உண்மையாகவே நம்பினோம்.

பந்தய நாளில் வண்டிகளுக்கு முன்னால் எந்த வாகனமும் போகக் கூடாது. அக்கா பலகையைப் பைக்குள் வைத்துக்கொண்டு, தொடங்கும் இடத்தில் கூட்டத்தோடு நின்றார். கொம்புகளில் அந்த வாரத்துப் புதுக் கலர். தொடக்கக் கொடி அசைந்தது. நான் குதிக்க ஆயத்தமாவதற்குள் எங்கள் மாடுகள் கிளம்பிவிட்டன. நல்ல வேகம். நேராகத்தான் ஓடின. ஒரு தென்னந்தோப்பு தாண்டும்வரை நேராகத்தான் ஓடின. பிறகு செவலைக்கு ஞாபகம் வந்துவிட்டது.

வலது ஓரம். இடது ஓரம். மறுபடி வலது ஓரம்.

"ஏலே, நேரா, நேரா," என்று தம்பி கயிற்றை இழுத்தார். "ஆத்தா, என்ன கூத்து இது."

மற்றவர்கள் ஒரு மைல் போனால் நாங்கள் ஒன்றரை மைல் போனோம். எல்லா வண்டியும் எங்களைக் கடந்தது. எல்லையில் ஒரு தார் டிரம் வைத்திருந்தார்கள். அதைச் சுற்றித் திரும்பி வர வேண்டும். நாங்கள் போய்ச் சேர்ந்தபோது முன்னால் போன வண்டிகள் எல்லாம் அங்கே சிக்கிக் கிடந்தன. நேராக ஓடியே பழகிய மாடுகள் திரும்ப மறுத்து, ஒன்றின் நுகத்தில் ஒன்று மாட்டி, சாரதிகள் ஒருவரை ஒருவர் திட்டிக்கொண்டிருந்தார்கள். எங்கள் மாடுகள் டிரம்மைப் பார்த்தன. அது அவற்றுக்குப் பிடித்த வேலை. வேகத்தைக் குறைக்காமல், இடது பக்கம் மொத்தமாகச் சாய்ந்து, டிரம்மை ஒரே வளைவில் சுற்றி வெளியே வந்தன. நான் தரைக்கு ஒரு சாண் உயரத்தில் தொங்கிக்கொண்டு வந்தேன். திரும்பிப் பார்த்தால் நாங்கள்தான் முதல்.

திரும்பும் வழியிலும் வலது ஓரம், இடது ஓரம்தான். ஆனால் இப்போது மற்றவர்கள் எங்களுக்குப் பின்னால். வலது பக்கம் ஏறி வந்தால் நாங்கள் வலது பக்கம் இருந்தோம். இடது பக்கம் வந்தால் அங்கேயும் இருந்தோம்.

"ஏய், ரோட்ட ஒங்க அப்பாரு எழுதி வச்சுட்டுப் போனாகளா?" என்று பின்வண்டிக்காரர் கத்தினார்.

"மாட்டக் கேளுங்கண்ணே," என்று தம்பியும் கத்தினார். அவர் கண்ணில் தண்ணீர் வழிந்தது, சிரிப்பா பயமா தெரியவில்லை. புறப்பட்ட இடத்துக் கோட்டைத் தொட்டபோது நாங்கள்தான் முதல். நான் இறங்கிப் புழுதியில் உட்கார்ந்துகொண்டேன். அக்கா கூட்டத்தைப் பிளந்துகொண்டு ஓடி வந்து செவலையின் கழுத்தைக் கட்டிக்கொண்டார்.

கொடி கைக்கு வரவில்லை. பின்னால் வந்த வண்டிக்காரர்கள் எல்லோரும் கமிட்டி மேசையைச் சூழ்ந்துவிட்டார்கள். வழி மறித்து ஓட்டிய வண்டிக்குக் கொடி கிடையாது என்பது பந்தய விதி. அக்கா மேசைக்கு முன்னால் போய் நின்று, செவலையின் தாய் செத்த நாளிலிருந்து தொடங்கினார். ரோஸ் வாட்டர் பாட்டில் வந்தது, பெங்களூர்ப் பெண் வந்தாள், அவள் மூக்கு வந்தது.

கமிட்டிப் பெரியவர் பொறுத்துப் பார்த்தார். "ஆத்தா, நேரா விசயத்துக்கு வா," என்றார்.

அக்கா நிறுத்தினார். "மாடு மேல தப்பு இல்லங்கய்யா. நாந்தான் அப்பிடிப் பழக்குனேன்," என்றார். அவ்வளவு நேரான ஒரு பேச்சை அவர் வாயிலிருந்து அதற்கு முன்னும் பின்னும் நான் கேட்டதில்லை.

"மாட்டுப் பழக்கத்துக்கு ரோடு என்னம்மா பண்ணும். அடுத்த வண்டிக்குத்தான் கொடி," என்றார் பெரியவர். மைக்கிலும் சொல்லிவிட்டார்கள்.

தம்பி யாரையும் பார்க்கவில்லை. மாடுகளை வண்டியிலிருந்து அவிழ்த்து, இரண்டு கயிற்றையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டு திடலின் ஓரத்துக்கு நடந்தார். வியாபாரி அங்கே புளியமரத்தடியில் லாரியோடு நின்றார். பேச்சை முறிப்பவர் என்று பெயரெடுக்கத் தம்பிக்கு விருப்பமில்லை. மாட்டு வியாபாரத்தில் வாய்ப்பேச்சு பாதிதான். விற்கிறவர் கிழக்கே பார்த்து நின்று, கயிற்றை வாங்குகிறவர் கையில் கொடுத்தால்தான் மாடு கைமாறும். தம்பி கிழக்கு எது என்று பார்த்துத் திரும்பி நின்றார். வியாபாரி தோள்துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு இரண்டு கையையும் நீட்டினார்.

அக்கா அதுவரை ரோட்டோரம் நின்றிருந்தார். பையைத் திறந்து பலகையை எடுத்து ரோட்டில் போட்டார். ஏறினார். கூப்பிடவில்லை, திரும்பிப் பார்க்கவும் இல்லை. போனார்.

செவலை தலையைத் தூக்கியது. அடுத்த கணம் கயிறு தம்பியின் கையிலிருந்து உருவிக்கொண்டு போனது, வியாபாரியின் விரல் நுனிக்கு ஒரு சாண் முன்னால். இரண்டு மாடுகளும் திடலைத் தாண்டி ரோட்டில் ஏறின. கூட்டம் விசிலடித்தது. மைக்கில் பேசிக்கொண்டிருந்தவர் பாதியில் விட்டுவிட்டு, "அந்தா போகுது, அனுமந்தன்பட்டி மாடு அந்தா போகுது," என்றார்.

வியாபாரி நீட்டிய கையைப் பார்த்தார். பிறகு மடக்கிக்கொண்டார்.

"கயிறு எங்கைக்கு வரலப்பா," என்றார் தம்பியிடம். "வராத மாட்ட நான் என்னான்னு கேக்க? போ, போயிப் பிடி."

தம்பி ஓடினார். நான் அவர் பின்னால் ஓடினேன். ரோட்டில் அக்கா வலது ஓரத்துக்குச் சாய்ந்தார், மாடுகள் வலது ஓரத்துக்குப் போயின. இடது ஓரத்துக்குச் சாய்ந்தார், இடது ஓரத்துக்கு வந்தன. வேடிக்கை பார்த்துத் திரும்பிய பைக்குகளும் ஆட்டோக்களும் இரண்டு பக்கமும் ஒதுங்கி நின்று ஹார்ன் அடித்தன. செவலையின் கயிறு புழுதியில் பாம்பு மாதிரி நெளிந்து போனது. தம்பி பாய்ந்து அதன் நுனியைப் பிடித்துவிட்டார். இழுத்திருந்தால் மாடுகள் நின்றிருக்கும்.

"ஏக்கா," என்று கத்தினார், "கொஞ்சம் மெதுவாப் போக்கா." கயிற்றைத் தளரவிட்டு, சாலையின் அந்த ஓரத்துக்கும் இந்த ஓரத்துக்குமாக அவரும் வளைந்து வளைந்து ஓடிக்கொண்டிருந்தார்.